பால் இல்லாத கள்ளி

என் பிலோமினா அண்ணிக்கு, உங்கள் கையால் சடை பின்னிக்கொண்டு பள்ளிக்கூடம் போன ஆரோக்கியம் எழுதுவது.

கோபத்தோடுதான் எழுத உட்கார்ந்திருக்கிறேன். உங்கள் மேல் இல்லை. கோபம் வந்தால் எனக்குப் பாதி வார்த்தை தொண்டையிலேயே நின்றுவிடும், அதனால் எழுதிப் பழகு என்று சொன்னவர் நீங்கள்தான். எழுதுகிறேன். யார் வேண்டுமானாலும் படிக்கட்டும். நம் ஊரில் உங்களைப் பற்றிக் காதோடு காதாகப் பேசியது போதும்.

போன ஞாயிற்றுக்கிழமை உங்களுக்கு முப்பதாம் நாள் பூசை. கோயில் நிறைந்து வெளியிலும் ஆட்கள் நின்றார்கள். பூசை முடிந்து நம் வீட்டு வாசலில் பந்தி போட்டோம். செபஸ்தியம்மா பெரியம்மா, நம் அப்பாவின் அண்ணன் சம்சாரம், முதல் பந்தியிலேயே உட்கார்ந்தார். இரண்டாம் தடவை குழம்பு ஊற்றிக்கொண்டு பக்கத்தில் இருந்தவரிடம் சொன்னார்: "என்னா இருந்தாலும் நல்ல பொம்பளை. அந்தக் கொழந்தை விசயத்தையும் ஆண்டவரு மன்னிச்சு ஏத்துக்கணும்."

மன்னிப்பதா? எதை?

குழம்பு வாளியோடு அப்படியே நின்றுவிட்டேன். நான் என்ன சொன்னேன் என்பதைப் பிறகு எழுதுகிறேன். முதலில் நடந்ததை நடந்தபடி எழுத வேண்டும். உங்களுக்குத் தெரியாதது ஒன்றும் அதில் இல்லை. ஆனால் இந்த ஊரில் பாதிப் பேர், காதில் விழுந்ததையே கண்ணால் பார்த்ததாக நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

தர்மபுரி தனி ஜில்லா ஆன வருஷம் நீங்கள் எங்கள் வீட்டுக்கு வந்தீர்கள். சவரி அண்ணன் பெங்களூரில் கொத்து வேலைக்குப் போயிருந்தபோது, கோயிலில் பழக்கமான தோட்டக்காரர் ஒருவரின் மகள் நீங்கள். காரிமங்கலத்தில் பஸ்ஸை விட்டு இறங்கும்போது ஒரு கையில் தகரப் பெட்டி, மறு கையில் ஒரு பழைய பிஸ்கட் டின். பெட்டியை அண்ணனிடம் கொடுத்தீர்கள். டின்னைக் கொடுக்கவில்லை. எனக்கு அப்போது பத்து வயதிருக்கும். பலகாரம் என்று நினைத்து எட்டிப் பார்த்தேன். உள்ளே மணல், செங்கல் தூள், அதில் பாதி புதைந்தபடி ஒரு பச்சை உருண்டை.

சாத்துக்குடி அளவுதான். பரங்கிக்காய்க்கு இருப்பதுபோல் உச்சியிலிருந்து அடிவரை வரிசையாக மடிப்புகள். ஒவ்வொரு மடிப்பின் முகட்டிலும் பஞ்சைக் கிள்ளி ஒட்டினாற்போல் வெள்ளைப் பொட்டுகள். பொட்டுக்குப் பொட்டு ஒரு கொத்து முள். இலை என்று ஒன்று இல்லவே இல்லை. இதற்கு இலை எங்கே என்று கேட்டேன். "இலைதான் கண்ணு முள்ளா ஆயிட்டுது. பாலைவனத்துச் செடி. இலை வெச்சா தண்ணி எல்லாம் ஆவியாப் பூடும்" என்றீர்கள்.

கடல் தாண்டி எங்கோ இருக்கிற வறண்ட பூமி அதன் ஊர். அங்கிருந்து வந்த விதையை, வேலை செய்த பங்களாவின் அம்மாள் உங்கள் அப்பாவிடம் கொடுத்திருக்கிறார். உங்களுக்கு ஆறு வயதில் விதைத்தது. நீங்கள் கல்யாணம் ஆகி வருகிறவரைக்கும் வளர்ந்து அது சாத்துக்குடி அளவுதான் ஆகியிருந்தது. பங்களாப் படிக்கட்டில் அதற்குப் பெயர் காக்டஸ். நீங்கள் எங்கள் வீட்டு ஜன்னலில் வைத்து, குண்டுக்கள்ளி என்று பெயர் சொன்னீர்கள். கன்னடத்திலும் கள்ளிதான், தமிழிலும் கள்ளிதான். வேறு எப்படிச் சொல்வீர்கள்? அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொண்டுதானே எல்லாரும் உங்கள் மேல் பாய்ந்தார்கள்?

முள்செடி வீட்டுக்குள் ஆகாது என்று அம்மா முதல் நாளே முணுமுணுத்தார். அண்ணன் சிரித்துவிட்டுப் போனார். பிறகு அம்மாவே அதைப் பேரப்பிள்ளை மாதிரி பார்க்க ஆரம்பித்ததும், அரிசி கழுவின தண்ணீரைக் கொண்டுபோய் ஊற்றப் பார்த்ததும், நீங்கள் ஓடி வந்து கையைப் பிடித்து, "சொல்ப பொறுங்க அத்தை, தை முடியற வரைக்கும் அதுக்குத் தண்ணி காட்டக் கூடாது, காஞ்சாத்தான் பூக்கும்" என்று கெஞ்சியதும் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. கொஞ்சம் என்பதற்கு நீங்கள் சொன்ன அந்தக் கன்னட 'சொல்ப' எங்கள் வீட்டில் எல்லார் வாயிலும் ஒட்டிக்கொண்டது. இன்றைக்கும் உங்கள் மகள் ஸ்டெல்லா சொல்கிறாள்.

மழை பொய்த்த அந்த வருஷம். கிணற்றில் பாறை தெரிந்தது. கேழ்வரகு முளைத்த அளவிலேயே கருகியது. குண்டுக்கள்ளியும் சுருங்கிச் சுருங்கி, மடிப்புகள் ஒன்றோடொன்று ஒட்டி, மண்ணுக்குள் இறங்கிவிட்டது. மேலே முள் மட்டும் தெரிந்தது. செத்துவிட்டது என்று எல்லாரும் சொன்னோம். நீங்கள் ஒத்துக்கொள்ளவில்லை. "சாவல. உள்ளாற போயி உக்காந்திருக்குது" என்றீர்கள்.

ஐப்பசியில் நல்ல மழை ஒன்று பெய்த பிறகு ஜன்னலில் பார்த்தால், கோயில் ஆர்மோனியத்தின் துருத்தி விரிவதுபோல் மடிப்பு மடிப்பாக விரிந்து மேலே வந்திருந்தது. அந்த மடிப்புகள் எதற்கு என்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. தண்ணீர் இருந்தால் விரிய, இல்லாவிட்டால் சுருங்க. தோல் கிழியாமல் இரண்டையும் செய்ய.

ஸ்டெல்லா பிறந்து நடக்கத் தொடங்கிய கோடையில் அது பூத்தது. உச்சியில் பஞ்சுக்கு நடுவிலிருந்து ஒரே ஒரு மொட்டு. உச்சி வெயிலில் விரிந்தது. செடியை விடப் பூ பெரிது, பட்டுப்போல மஞ்சள். சாயங்காலம் மூடிக்கொண்டு மறுநாள் வெயிலுக்கு மறுபடி விரிந்தது. ஊரே வந்து பார்த்தது, அண்ணி. செபஸ்தியம்மா பெரியம்மாவும் வந்தார். விரலால் இதழைத் தொட்டுப் பார்த்து, தனக்கும் ஒரு கன்று பிரித்துக் கொடு என்றார். இது கன்று வைக்காத ஜாதி, விதையிலிருந்துதான் வரும் என்று நீங்கள் மரியாதையாகத்தான் சொன்னீர்கள். கொடுக்க மனசில்லை என்று அவர் எடுத்துக்கொண்டார். வாசலைத் தாண்டும்போதே அவர் முகம் மாறியதை நான் பார்த்தேன்.

அப்போது அது பூஞ்செடி. அதே செடி, அதே ஜன்னல். எப்போது விஷமாயிற்று?

இரண்டாவதும் பெண் பிறந்தது. பிறந்தபோதே உதடு நீலம். மார்பில் வாய் வைத்து இரண்டு மடக்கு குடிப்பதற்குள் மூச்சு வாங்கி விட்டுவிடும். நாலாம் நாள் காலையில் பஸ் ஏறித் தர்மபுரி ஆஸ்பத்திரிக்குப் போனோம். பச்சை உடம்போடு நீங்கள், அண்ணன், குழந்தையைத் தூக்கிக்கொள்ள நான். எனக்குப் பதினைந்து வயது. டாக்டர் ஆதரவாகத்தான் பேசினார். பிறவியிலேயே இதயத்தில் கோளாறு, இங்கே செய்வதற்கு ஒன்றுமில்லை, வேலூருக்குக் கொண்டுபோய்ப் பார்க்கலாம், ஆனால் அவ்வளவு தூரம் தாங்குமா என்பது தெரியாது என்றார். வீட்டுக்குப் போய்த் துணிமணி எடுத்துக்கொண்டு வேலூருக்குக் கிளம்புவதாக முடிவு செய்து திரும்பி வந்தோம்.

பஸ்ஸில் நல்ல கூட்டம். அண்ணன் முன்னால் நின்றிருந்தார். கண்டக்டர் உங்கள் முகத்தைப் பார்த்துவிட்டு, உட்கார்ந்திருந்த இரண்டு பேரை எழுப்பி நம் இருவருக்கும் இடம் கொடுத்தார். குழந்தை என் மடியில் இருந்தது. பாதி வழியில் அதன் மூச்சு விட்டு விட்டு வந்தது. நீங்கள் குனிந்து பார்த்தீர்கள். என் கையில் தண்ணீர்ச் செம்பை வைத்து, "ஆரோக்கியம், நீ ஊத்து. பேரு வை" என்றீர்கள்.

ஆபத்து நேரத்தில் யார் வேண்டுமானாலும் ஞானஸ்நானம் கொடுக்கலாம் என்று ஞானோபதேச வகுப்பில் படித்திருந்தேன். தெரேசா என்று பெயர் சொல்லி, பிதா சுதன் பரிசுத்த ஆவியின் பெயரால் நெற்றியில் தண்ணீர் ஊற்றினேன். தண்ணீர் பட்டதும் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள். அவள் கண்ணை நன்றாகப் பார்த்தது அந்த ஒரு தடவைதான். காரிமங்கலம் வருவதற்குள் போய்விட்டாள்.

என் மடியில் போன உயிர் அது. இதைவிடச் சாட்சி வேறென்ன வேண்டும்?

ஆனால் என்னை யாரும் கேட்கவில்லை. நாம் ஊருக்குள் வந்து சேர்ந்த கையோடு பேச்சு கிளம்பிவிட்டது. இரண்டாவதும் பொட்டை. ஜன்னலிலேயே கள்ளி வளர்க்கிறவள். பெங்களூரிலிருந்து வந்தவள், ஈவு இரக்கம் இருக்காது. கள்ளிப்பால் கொடுத்துவிட்டு, பிறகு ஊர் கண்ணை மறைக்க ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடியிருக்கிறாள். ஆஸ்பத்திரிச் சீட்டை அண்ணன் எடுத்துக் காட்டியபோது, பால் உள்ளே போன பிறகு சீட்டு வாங்கினால் என்ன, வாங்காவிட்டால் என்ன என்று கேட்டார்கள். எதைக் காட்டினாலும் அதற்கொரு பதில் தயாராக இருந்தது.

நம் கோயிலுக்குச் சாமியார் மாதத்துக்கு ஒருமுறைதான் வருவார். மற்ற நாட்களில் செபம் நடத்துவதெல்லாம் உபதேசியார்தான். நான் தண்ணீர் ஊற்றிப் பெயர் வைத்ததைச் சொன்னேன். அவர் என் முகத்தைக்கூடப் பார்க்காமல், சின்னப் பெண், வார்த்தை சரியாகச் சொன்னாளோ என்னவோ, ஞானஸ்நானம் ஆனதா என்ற சந்தேகத்தின் பேரில் கல்லறைத் தோட்டத்துக்குள் அடக்கம் செய்ய முடியாது என்று அண்ணனிடம் சொன்னார். தெரேசாவைச் சுவருக்கு வெளியே புதைத்தார்கள். பெயர் எழுதாமல், சிலுவை இல்லாமல். அன்று சாயங்காலம் அம்மா குண்டுக்கள்ளியை ஜன்னலிலிருந்து எடுத்துக் கொல்லையில் வைத்தார். பார்க்கப் பார்க்க உங்களுக்கு வேதனையாக இருக்கும் என்று நினைத்தாராம். தெருவுக்கு அது வேறு மாதிரி தெரிந்தது. மாமியாரே செடியை வெளியே வைத்துவிட்டார், அப்படியானால் விஷயம் உண்மைதான் என்றார்கள்.

இதெல்லாம் ஊர் செய்தது. அண்ணன் செய்ததையும் எழுதத்தான் வேண்டும்.

இரண்டு நாள் கழித்து மத்தியானம். அண்ணன் களி உண்ண உட்கார்ந்தார். நான் ஆட்டுக்கல்லில் ஆட்டிக்கொண்டிருந்தேன். வட்டிலைப் பார்த்தபடியே, "ஊருல எல்லாரும் சொல்றாங்க. நீ ஏதாச்சும் குடுத்தியா?" என்று கேட்டார்.

நீங்கள் அழவில்லை. கோபப்படவில்லை. பச்சை உடம்போடு எழுந்து கொல்லைக்குப் போய்ச் செடிக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டீர்கள். வெகுநேரம் உள்ளே வரவில்லை. அந்தக் கேள்வியைக் கேட்ட மனுஷன் பஸ்ஸில் நமக்கு நாலடி தள்ளி நின்றவர்தானே, அண்ணி? அவருக்கு எப்படி வாய் வந்தது?

அடுத்த ஞாயிற்றுக்கிழமை செபம் முடிந்ததும் கோயில் முற்றத்தில் உபதேசியாரும் பெரியவர்களும் கூடினார்கள். சாமியார் வருகிறவரை நீங்கள் நற்கருணை அப்பமான நன்மை வாங்கக் கூடாது, அவர் வந்து விசாரித்துச் சொல்லட்டும் என்று முடிவு செய்யப் போனார்கள். நான் முன்னால் போய், குழந்தை என் மடியில்தான் இறந்தது என்று சொன்னேன். அவளுக்குச் சொல்லிக்கொடுத்துக் கூட்டி வந்திருக்கிறார்கள் என்று பின்னாலிருந்து ஒரு குரல். யாருடைய குரல் என்று எனக்குத் தெரியும்.

அப்போது நீங்கள் வந்தீர்கள். இடுப்பில் டின், கையில் கருக்கரிவாள். டின்னைத் தரையில் வைத்துக் குந்தினீர்கள். ஆறு வயதிலிருந்து நீங்கள் வளர்த்த அந்த உருண்டையை, முள் கையில் ஏற ஏற ஒரு கையால் பிடித்துக்கொண்டு, குறுக்கே அறுத்தீர்கள். மேல்பாதியைத் தூக்கிக் காட்டினீர்கள். உள்ளே வெள்ளரிக்காய் போல வெளிறிய பச்சை, நடுவில் வட்டமாக ஒரு நார் வளையம். கசிந்தது வெறும் தண்ணீர்.

"பால் எங்கிங்க? பெரியவங்க நீங்களே காட்டுங்க" என்றீர்கள். உபதேசியார் பின்னால் நகர்ந்தார். நீங்கள் ஒரு துண்டை அறுத்து முள்ளையும் தோலையும் சீவிவிட்டு வாயில் போட்டு மென்று விழுங்கினீர்கள். "தின்னுட்டனுங்க. நாளைக்கு உசுரோட இருக்கறனா இல்லையான்னு வூட்டுக்கு வந்து பாருங்க. இது பேருதானுங்க கள்ளி. வேலியில இருக்கற ஜாதி வேற, இது வேற. முள்ளு ஒண்ணாட்டம் இருந்தா சொந்தமா ஆயிடுமா?"

அதோடு நின்றிருந்தால் ஒருவேளை உங்களைப் பாராட்டியிருப்பார்கள். நீங்கள் நிற்கவில்லை. எழுந்து முற்றத்தின் ஓரத்துக்கு நடந்தீர்கள். அந்தப் பக்கம் செபஸ்தியம்மா பெரியம்மா வீட்டு நிலம், வேலியெல்லாம் சதுரக்கள்ளி. ஒரு கிளையை ஒடித்தீர்கள். வெள்ளைவெளேரென்று பால் இறங்கி உங்கள் விரல்வழியாக மண்ணில் சொட்டியது.

"பால் வேணும்னா இங்க இருக்குதுங்க. எல்லாரு வேலியிலயும் இருக்குது. எந்த வூட்டு வேலியைப் போயி யாரு கேட்டீங்க?"

பெண்கள் தலை குனிந்துகொண்டார்கள். அந்தக் கூட்டத்தில் எத்தனை பேர் யாரை நினைத்துக்கொண்டார்கள் என்பது ஆண்டவருக்குத்தான் தெரியும். ஒரு பெரியவர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, "சரி, கலைங்க கலைங்க" என்றார். அவ்வளவுதான். விசாரணை இல்லை, தீர்ப்பு இல்லை. நீங்கள் குற்றமற்றவர் என்று ஒரு வாய்கூடச் சொல்லவில்லை. வேலிப்பக்கம் நீங்கள் கையைக் காட்டியதால்தான் கலைந்தார்கள். உங்களை நம்பியதால் இல்லை. அன்றைக்கு அது எனக்குப் புரியவில்லை. ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தேன்.

ஜெயிக்கவில்லை. மாதம் ஒன்று போவதற்குள் புதுப் பேச்சு வந்தது. பாலை முன்னாடியே வடித்துவிட்டுத்தான் வெட்டிக் காட்டினாளாம். பூமியில் இருக்கிற எந்தச் செடியிலாவது அப்படிச் செய்ய முடியுமா? யோசித்துப் பார்க்க ஒருவருக்கும் நேரமில்லை. பேசுவதற்கு மட்டும் எல்லாருக்கும் நேரம் இருந்தது.

டின்னில் மிச்சம் இருந்த அடிப்பாதியை நிழலில் காயவிட்டால் பிழைக்கலாம் என்று நீங்கள் சொல்லியிருந்தீர்கள். அம்மாவுக்கு அது மனதில் ஏறவில்லை. தான் செடியை வெளியே வைத்ததால்தான் இவ்வளவும் வந்தது என்ற வேதனை அவருக்கு. பாவம், வெட்டுப்பட்டது, தாகமாக இருக்கும் என்று யாருக்கும் தெரியாமல் தினமும் தண்ணீர் ஊற்றியிருக்கிறார். வெட்டுவாயில் தண்ணீர் இறங்கி, அழுகி, ஒரு வாரத்தில் நாற்றம் வந்துவிட்டது. "வுடுங்க அத்தை" என்று சொல்லி நீங்களே கொண்டுபோய்க் குப்பைக்குழியில் போட்டீர்கள். அம்மாதான் அழுதார்.

செய்தி கேள்விப்பட்டு உங்கள் அப்பா பெங்களூரிலிருந்து வந்தார். கையில் இன்னொரு டின், கோலிக்குண்டு அளவில் ஒரு நாற்று. குழந்தையைப் பற்றிக் கேட்டார், உங்கள் உடம்பைப் பற்றிக் கேட்டார். கடைசியில் மெதுவாக, "வெட்டுனியாம்மா?" என்றார். தலையை மட்டும் ஆட்டினீர்கள். நாற்றைத் திரும்பக் கொண்டுபோகச் சொல்லிவிட்டீர்கள். அதற்குப் பிறகு நம் வீட்டில் நீங்கள் ஒரு செடியும் வைக்கவில்லை. துளசிகூட.

அண்ணனோடும் பல மாதம் நேராகப் பேசவில்லை. "ஸ்டெல்லா, உங்கப்பாவைச் சாப்புட வரச் சொல்லு" என்பீர்கள். அவர் எதிரிலேயே நின்றுகொண்டிருப்பார். பிறகு அந்தோணி பிறந்தான். பையனுக்கு மட்டும் கள்ளிப்பால் கொடுக்கவில்லை பார் என்று அதற்கும் ஒரு வார்த்தை சொன்னார்கள். நீங்கள் பதில் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று உங்களை எத்தனையோ தடவை கேட்க நினைத்தேன். அறுத்துக் காட்டியும் நம்பாதவர்களிடம் இன்னும் எதை அறுக்கச் சொல்கிறாய் என்று கேட்டிருப்பீர்களோ?

அந்த பஸ் பிரயாணம்தான் என்னை நர்ஸ் பயிற்சிக்குத் தள்ளியது. உங்களுக்குத் தெரியும், அண்ணனிடம் எனக்காக வாதாடி அனுப்பியது நீங்கள்தான். இப்போது பாலக்கோட்டைச் சுற்றியுள்ள கிராமங்களில் பிரசவம் பார்க்கிறேன். நன்றாக அழுது, நன்றாகப் பால் குடித்த பெண் குழந்தையை, மறுவாரம் போய்க் கேட்டால் காய்ச்சலில் போய்விட்டது என்பார்கள். எந்தக் காய்ச்சல், எந்த டாக்டர் என்று கேட்டால் பதில் வராது. என் கண் அந்த வீட்டு வேலிக்குப் போகும். அங்கெல்லாம் கூட்டம் கூடுவதில்லை, அண்ணி. நன்மை நிறுத்துவதில்லை. ஒரு வாயும் அசைவதில்லை. பிழைக்க வைக்க பஸ் ஏறி ஓடிய உங்களை மட்டும் இத்தனை வருஷம் விடவில்லை. இதற்கு நான் யாரிடம் நியாயம் கேட்பது?

போன மாதம் மஞ்சள் காமாலையில் நீங்கள் போனீர்கள். நான் வந்து பார்த்தபோது கண்ணெல்லாம் மஞ்சள். எனக்கு ஏன் முன்னாலேயே சொல்லி அனுப்பவில்லை என்று சண்டை போட்டேன். "உனக்கு வேலை இருக்குதில்ல" என்றீர்கள். உங்களைக் கல்லறைத் தோட்டத்துக்குள், சுவரை ஒட்டிப் புதைத்தோம். அந்த இடத்தைக் கேட்டு வாங்கியவர் அண்ணன். ஏன் அந்த மூலை என்று ஊரில் யாரும் கேட்கவில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் உங்கள் மகள்.

இனி அந்தப் பந்திக்கு வருகிறேன். வாளியைக் கீழே வைத்தேன். "பெரியம்மா, அந்தக் கொழந்தை எம் மடியில செத்துது. தண்ணி ஊத்திப் பேரு வெச்சதும் நானு. இத்தனை வருசத்துல ஒரு நாளாச்சும் என்னைக் கூப்புட்டுக் கேட்டீங்களா?"

அவர் கை இலையிலேயே இருந்தது. "நா என்னா கண்ணு சொல்லிட்டேன்? ஊரு சொன்னதைத்தான சொன்னேன்."

"ஊருன்னா யாருங்க பெரியம்மா?"

அவர் எழுந்து கை கழுவப் போனார். நான் இன்னும் பேசியிருப்பேன். அதற்குள் அண்ணன் எழுந்து நின்றார். பந்தி முழுவதும் கேட்கும்படி, "ஊரை மட்டும் சொல்லாத ஆரோக்கியம். நானும் கேட்டேன். பஸ்ல கூட வந்தவன், நானே அவளைக் கேட்டேன்" என்றார். ஸ்டெல்லா அப்பாவையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவளுக்கு அதுவரை தெரியாது.

உங்களுக்கு மனது இளகியிருக்கும். எனக்கு இளகவில்லை. இதை ஏன் உங்கள் காது கேட்கிற காலத்தில் சொல்லவில்லை என்று அங்கேயே கேட்டேன்.

மறுநாள் அண்ணனும் நானும் பங்குச் சாமியாரைப் பார்க்கப் போனோம். புதியவர், சின்ன வயது. பஸ்ஸில் நடந்ததைச் சொன்னேன். யார் ஊற்றினாலும் அந்த நேரத்தில் அது ஞானஸ்நானம்தான், அதில் சந்தேகத்துக்கே இடமில்லை என்றார். ஒரு நிமிஷத்தில் சொல்லிவிட்டார், அண்ணி. இந்த ஒரு நிமிஷத்துக்காக ஒரு குழந்தை இத்தனை வருஷம் வெளியே கிடந்திருக்கிறது. இனித் தோண்டி எடுத்து உள்ளே வைப்பது முறையில்லை என்றும் சொன்னார். அண்ணன், "கொழந்தை அங்கியே இருக்கட்டுங்க சாமி. நா சுவத்தைத் தள்ளிக் கட்டிக்கிறேன். கொத்து வேலை எனக்குத் தெரியும்" என்றார். சாமியார் சம்மதித்தார். ஊர்ப் பெரியவர்கள் மட்டும் யோசித்துச் சொல்கிறோம் என்றார்கள். அண்ணன் அவர்கள் யோசித்து முடிக்கும்வரை காத்திருக்கவில்லை.

நேற்று அந்த மூலையில் சுவரை இடித்தார். நான் லீவு போட்டுவிட்டு வந்து கல் சுமந்து கொடுத்தேன். ஸ்டெல்லா தண்ணீர் கொண்டுவந்தாள், அந்தோணி மணல் சலித்தான். அண்ணனோடு நான் இன்னும் சரியாகப் பேசவில்லை. கல்லை மட்டும் கையில் கொடுத்தேன். இப்போது உங்களுக்கும் அவளுக்கும் நடுவில் புல் தரைதான்.

கல்லறைத் திருநாளுக்குள் புதுச் சுவர் எழும்பிவிடும். அன்றைக்கு ஊர் முழுக்க மெழுகுவத்தியோடு வரும். அவள் தலைமாட்டில் சிலுவை நட்டு, தெரேசா என்று எழுதி, எல்லார் காதிலும் விழும்படி அந்தப் பெயரைச் சொல்லி ஜெபிப்பேன். யார் அது என்று எவராவது கேட்டால், உட்காரவைத்து முதலிலிருந்து சொல்வேன். நான் உயிரோடு இருக்கும்வரை வருஷா வருஷம் சொல்வேன். இது உங்களுக்கு நான் கொடுக்கிற வாக்கு.

உங்கள் நாத்தி,
தெரேசாவுக்குப் பெயர் வைத்த அத்தை,
ஆரோக்கியமேரி